நான் வெட்டச் சொன்ன நாலு நிமிடம்

எங்கள் தம்பி காலமாகி இன்றோடு ஓராண்டு நிறைகிறது. திவசத்துக்கு ஹட் பே வந்திருக்கும் சொந்தக்காரர்களும் சிநேகிதர்களும் இந்த நினைவு மலரைச் சாப்பாடு முடிந்த கையோடு படித்துவிட வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். கப்பலில் படித்துக்கொள்ளலாம் என்று பையில் வைத்துவிடாதீர்கள். ஏன் என்று கடைசியில் சொல்கிறேன்.

நான் அவருடைய அக்கா. கூடப் பிறந்தது நாங்கள் இருவர் மட்டும்தான். தம்பிக்குப் பிள்ளை இல்லை. அதனால் இதை எழுதும் முறை எனக்கு வந்தது. எழுதித் தருகிறோம் என்று மூன்று பேர் முன்வந்தார்கள். மூன்று பேருமே, "நல்லபடியா எழுதித் தர்றோம்" என்றார்கள். அந்த நல்லபடி எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். ஆகவே நானே எழுதுகிறேன். தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் நான் மூன்றாவது வரை. எழுத்துக் கூட்டி எழுதி முடிக்க ஒரு மாதத்துக்கு மேல் ஆனது. அச்சுப் போடுகிறவரிடம் ஒரு வரியும் கூட்டவோ குறைக்கவோ வேண்டாம் என்று சொல்லியிருக்கிறேன்.

மலர் என்றால் அவர், இவர் என்று மரியாதை போட்டு எழுத வேண்டுமாம். போடுகிறேன். உயிரோடு இருந்த வரைக்கும் இந்த ஊரில் யாரும் அவருக்குப் போடாத மரியாதை.

அப்பாவும் அம்மாவும் நானும் இலங்கையில் மலைநாட்டுத் தேயிலைத் தோட்டத்தில் இருந்தவர்கள். நீங்கள் இந்தியாக்காரர்கள் என்று எழுதி அனுப்பிவிட்டார்கள். மண்டபம் முகாமில் ஏழு மாதம் வைத்திருந்தார்கள். அதன் பிறகு அந்தமானில் வேலை இருக்கிறது என்று கப்பலில் ஏற்றி, இந்த ஹட் பே தீவில் பாமாயில் தோட்டத்தில் இறக்கினார்கள். ஒரே கூரைக்குக் கீழே பத்துக் குடித்தனம் இருக்கும் லயத்தில் எங்களுக்கு நாலாவது கதவு. வந்த முதல் மழையில் தம்பி பிறந்தார். எனக்கு அப்போது பதினெட்டு வயது. எங்கள் வீட்டில் எல்லோரும் ஓர் இடத்திலிருந்து அனுப்பப்பட்டு இன்னோர் இடத்தில் இறக்கப்பட்டவர்கள். யாரும் அனுப்பாமல், யாரும் இறக்காமல், பிறந்த இடத்தையே சொந்த இடமாக வைத்துக்கொண்டது அவர் ஒருவர்தான். அந்த இடத்தை அவர் எப்படிப் பார்த்தார், அந்த இடம் அவரை எப்படிப் பார்த்தது என்பதுதான் இந்தக் கட்டுரை.

அப்பா பனங்குலை வெட்டினார். அம்மாவும் நானும் குலையிலிருந்து உதிர்ந்த பழத்தைப் பொறுக்கிச் சாக்கில் போடுவோம். முள் ஏறிய விரல்கள் எனக்கு இன்றைக்கும் மழை நாளில் வலிக்கும். அந்தப் பழம் பொறுக்கும் வேலையில்தான் அம்மாவுக்கு வயிற்று வலி வந்தது. தம்பிக்கு அப்போது ஒன்பது வயது. எனக்குக் கல்யாணமாகி அதே லயத்தில் எட்டாவது கதவில் குடியிருந்தேன். கம்பவுண்டர் பார்த்துவிட்டு, இது இங்கே முடியாது, போர்ட் பிளேருக்குக் கொண்டு போங்கள் என்றார். கப்பல் அன்றைக்கு ஜெட்டியில் நின்றது. நோயாளியை ஏற்ற வேண்டுமென்றால் தோட்டத்து ஆபீசின் முத்திரை வைத்த சீட்டு வேண்டும். தோட்டத்து மேனேஜர் சாப் போர்ட் பிளேரில் இருந்தார். முத்திரை யாரிடம் இருந்தது என்றால் நம் ஆளிடம்தான் இருந்தது. எங்கள் பெரியப்பா மகன், நாங்கள் எல்லோரும் பெரியண்ணன் என்று அழைப்பவர், அப்போது ஆபீசில் குமாஸ்தா. சாப் இல்லாமல் முத்திரை வைத்தால் தன் வேலை போய்விடும் என்று அவர் அப்பாவிடம் சொன்னார். அப்பா கையெடுத்துக் கும்பிட்டார். நானும்தான்.

அம்மாவைக் கட்டிலோடு தூக்கிக்கொண்டு ஜெட்டிக்குப் போனோம், எப்படியாவது ஏற்றிவிடலாம் என்று. ஏற்றவில்லை. அதே கப்பலில் சாப் வீட்டுக்குப் போகும் இரண்டு கட்டிலும் ஒரு பீரோவும் ஏறியதைப் பார்த்தோம். அவற்றுக்குச் சீட்டு இருந்தது. முத்திரையும் இருந்தது. அம்மா மூன்றாம் நாள் போய்ச் சேர்ந்தார்.

இதை நான் முப்பது வருடத்துக்கும் மேலாக யாரிடமும் சொல்லவில்லை. என் வீட்டுக்காரரிடம்கூட இந்தக் கட்டில் பீரோ விஷயத்தைச் சொன்னதில்லை. முதன்முதலாகச் சொன்னது தம்பியின் கேமராவுக்கு முன்னால்தான்.

அம்மாவுக்குப் பிறகு தம்பியை நான்தான் வளர்த்தேன். பெரிய படிப்பு ஏறவில்லை. போர்ட் பிளேரில் ஒரு ஸ்டூடியோவில் சேர்ந்து கல்யாண வீடியோ எடுத்தார். பிறகு மெயின்லேண்டு போய் ஒரு கேமராக்காரரிடம் நாலைந்து வருடம் கூடமாட இருந்தார். திரும்பி வரும்போது பழைய கேமரா ஒன்றும், பிஸ்வாஸ் என்ற வங்காளிச் சிநேகிதரும் கூட வந்தார்கள். பிஸ்வாஸ் இந்தத் தீவில் பிறந்தவர்தான், கப்பலில் பழக்கமானவர். தம்பி எடுப்பார், பிஸ்வாஸ் வெட்டி ஒட்டுவார். கடைசி வரை அந்த இரண்டு பேர்தான் அந்தக் கம்பெனி. மூன்றாவது ஆள் கிடையாது, முதலாளி கிடையாது, சொல்லி எடுக்க வைக்கிறவர் கிடையாது. சொந்தமாக, தன் இஷ்டத்துக்குப் படம் எடுக்கிறவர் என்று பேப்பரில் ஒரு தடவை போட்டார்கள். நம் சொந்தக்காரர்கள் அதைப் படித்துவிட்டு, வேலை இல்லை என்பதற்கு இது நல்ல பெயர் என்று சிரித்தார்கள்.

முதல் படம் போர்ட் பிளேரில் குட்வில் எஸ்டேட் பகுதியில் தண்ணீருக்குக் குடத்தோடு நிற்கும் பெண்களைப் பற்றி. அதில் ஒரு பெண் உள்ளதை உள்ளபடி பேசிவிட்டாள். எந்த வீட்டுக்கு எந்நேரமும் தண்ணீர் வருகிறது, எப்படி வருகிறது என்று. படத்தை நாலு இடத்தில் போட்டதும் தம்பிக்குக் கைதட்டல் கிடைத்தது. அந்தப் பெண்ணுக்கு, வாடகைக்கு இருந்த வீடு போனது. சட்டி பானையோடு அவள் ரோட்டில் நின்ற அன்றைக்குத் தம்பி போய் அவள் முன்னால் நின்றிருக்கிறார். அவள் திட்டவில்லையாம். "ஊருக்கெல்லாம் காட்டினியே பைய்யா, எனக்கு ஒரு தடவ காட்டியிருக்கக் கூடாதா?" என்று கேட்டாளாம். அன்றிலிருந்து தம்பி ஒரு சட்டம் வைத்துக்கொண்டார்.

அந்தச் சட்டம் இதுதான். யாரை எடுத்தாரோ அவர்களுக்குத்தான் முதல் காட்சி. அவர்கள் ஊரிலேயே வேட்டியைத் திரையாகக் கட்டிப் படம் போட்டுக் காட்டுவார். படம் முடிந்ததும் ஒரு நீள நோட்டை விரித்துக்கொண்டு முன்னால் உட்காருவார். அதில் பேசினவர்கள் பெயரெல்லாம் இருக்கும். என் பேச்சு வேண்டாம் என்று யார் சொன்னாலும், ஏன் என்று கேட்காமல், அந்தப் பெயர் மேல் அளவுகோல் வைத்துச் சிவப்புக் கோடு போடுவார். அந்தப் பேச்சு படத்தில் இருக்காது. பெயரை அடித்து மறைக்கமாட்டார். கோட்டுக்குக் கீழே பெயர் படிக்கும்படி இருக்கும். பின்னால் மனசு மாறி வந்து சொன்னால் சேர்க்க வேண்டும் அல்லவா என்பார்.

இந்தச் சட்டத்தால் அவருடைய படம் ஒவ்வொன்றும் குறைப்பிள்ளையாகப் பிறந்தது. நோயாளியோடு கப்பலுக்குக் காத்திருப்பவர்களைப் பற்றி ஒரு படம் எடுத்தார். அதில் பாதிக்கு மேல் கோடு. மெயின்லேண்டில் இருந்து கூட்டி வந்து ரோடு வேலைக்கு விட்ட ஆட்களைப் பற்றி ஒன்று. மேஸ்திரி பார்த்துவிட்டுப் போன பிறகு அதில் மிச்சம் ஆறு நிமிடம். பிஸ்வாஸ் தலையில் அடித்துக்கொள்வார். தம்பி விடமாட்டார்.

நம்மவர்கள் கேலிக்குக் குறைவில்லை. கல்யாண வீட்டுக்குள் அவர் நுழைந்தால், "கேமராக்காரர் வந்துட்டாரு, யாரும் அழுதுடாதீங்க, புடிச்சிக்கிட்டுப் போயிடுவாரு" என்பார்கள். ஒரு தடவை, தம்பி குடியிருந்த பெரார்கஞ்சில் ஒரு கல்யாணப் பந்தியில் வைத்து என் சம்பந்தி கேட்டார். "ஏன் தம்பி, நம்ம தீவுல உன் கண்ணுக்கு நல்லதே படாதா? மெயின்லேண்டுக்காரன் வந்து கடலையும் மீனையும் எப்படி எடுக்கிறான் பாத்தியா?"

தம்பி, "அதுக்குத்தான் அவன் வர்றானே மாமா. அவன் கேமராவும் பெருசு" என்று சொல்லிவிட்டு இன்னொரு கரண்டி பாயசம் கேட்டு வாங்கினார். அவர் யாரிடமும் கோபமாகப் பேசி நான் பார்த்ததில்லை. அந்தக் கோபத்தை எல்லாம் எனக்கு விட்டுவிட்டுப் போயிருக்கிறார் போலிருக்கிறது.

பாமாயில் தோட்டம் மூடிய பிறகு நாம் எல்லோரும் காகிதம் இல்லாமல் லயத்தில் இருந்தது உங்களுக்குத் தெரியும். காலி செய்யுங்கள் என்று ஒரு நோட்டீசு, வீட்டுமனை தருவோம் என்று ஒரு நோட்டீசு, மாறி மாறி வந்துகொண்டிருந்தது. அந்தச் சமயத்தில்தான் தம்பி நம்மை எடுக்க வந்தார். மூன்று வருடம் கப்பலில் வருவதும் போவதுமாக இருந்தார். இருபத்து மூன்று பேர் பேசினோம். எங்கிருந்து வந்தோம், என்ன சொல்லி இறக்கினார்கள், யார் அடித்தார்கள், யார் எதற்குக் கும்பிட்டோம் என்று. நம் லயத்தில் அவ்வளவு பேச்சு இருந்தது எனக்கே தெரியாது. பக்கத்துக் கதவில் இருந்தவள் சொன்னதைப் படத்தில்தான் நான் கேட்டேன். என் முறை வந்தபோது அம்மாவைச் சொன்னேன். பெரியண்ணன் என்று சொல்லவில்லை. "முத்திரை நம்ம ஆள்கிட்டதான் இருந்துச்சு" என்று மட்டும் சொன்னேன். கட்டிலையும் பீரோவையும் சொன்னேன். நாலு நிமிடம்.

படம் ஒரு மணிக்கும் மேலே ஓடியது. லயத்துக்கு முன்னால் வாலிபால் திடலில், வலை கட்டும் இரண்டு கம்பத்துக்கும் நடுவே வேட்டி கட்டி, விளக்கு வைக்கிற நேரத்துக்குக் காட்டினார். முன்வரிசையில் பெரியண்ணன். அவர் அப்போது ரிட்டயர் ஆகி நம் சங்கத்துக்குத் தலைவர். மனைப் பட்டியல் அவர் கையில்தான் இருந்தது. என் மகன் பெயர் அதில் பதினாலாவது. பென்சிலில் எழுதியிருந்தார்கள். எல்லாருடைய பெயரும் அப்போது பென்சில்தான்.

படம் முடிந்தது. தம்பி நோட்டோடு வந்து உட்கார்ந்தார். பெரியண்ணன் துண்டை மடித்து மடியில் வைத்துக்கொண்டு, "அந்த ஜெட்டிக் கதையை வெட்டிடு" என்றார்.

"அது அக்கா பேசினது பெரியண்ணே. நீங்க இந்தப் படத்துலயே இல்லியே. அக்கா சொன்னாத்தான் வெட்ட முடியும்."

பெரியண்ணன் கோபப்படவில்லை. சிரித்தார். என் பக்கம் திரும்பி, "கேட்டியா தங்கச்சி, எல்லாம் உன் கையிலதான் இருக்காம்" என்றார்.

திடலில் இருந்த எல்லோரும் என்னைப் பார்த்தீர்கள். தம்பி மட்டும் பார்க்கவில்லை. நோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். அன்றைக்கு நான் அம்மாவை நினைக்கவில்லை, தம்பியையும் நினைக்கவில்லை. பதினாலாவது பெயரைத்தான் நினைத்தேன்.

"வெட்டிடு தம்பி" என்றேன்.

அவர் ஏன் என்று கேட்கவில்லை. என் பெயரைத் தேடி, அளவுகோலை வைத்து, நேராகக் கோடு போட்டார். எனக்குப் பின்னால் ஒருவர் எனக்கும் என்றார். அப்புறம் இன்னொருவர். கூடப் பிறந்த அக்காளே வேண்டாம் என்ற பிறகு மற்றவர்களுக்கு என்ன? ஒரு வெற்றிலை மென்று துப்புகிற நேரத்தில் இருபத்து மூன்று பெயரும் கோட்டுக்குக் கீழே போய்விட்டன. நீங்கள் எல்லோரும் வரிசையாக வந்து சொன்னீர்கள், தண்ணீர் லாரிக்கு நிற்பது போல. நான் முதல் ஆள் என்பதை மறைக்கவில்லை. மறைக்கத்தான் வேறு மூன்று பேர் எழுத வந்தார்களே.

அடுத்த மாதம் பட்டியலில் பெயர்களை மையால் எழுதினார்கள். என் மகனுக்கு மனை வந்தது. அதில் கட்டிய வீட்டில் உட்கார்ந்துதான் இதை எழுதுகிறேன்.

படத்தில் மிச்சம் இருந்தது பதினொரு நிமிடம். பனைமரம், மழை, காலி லயம், ஜெட்டி, கடல். ஒரு மனுசக் குரல் கிடையாது. பிஸ்வாஸ் அதை மெயின்லேண்டில் ஏதோ படவிழாவுக்கு அனுப்பியிருக்கிறார். அங்கே எல்லோரும் பாராட்டினார்களாம். தம்பி எனக்குப் போன் செய்தார்.

"அழகா இருக்குன்னு சொல்றாங்கக்கா" என்றார். அவ்வளவுதான். போனை நான்தான் வைத்தேன்.

அதற்குப் பிறகு அவர் படம் எடுக்கவில்லை. கல்யாண வீடியோவுக்குப் போனார். நம் வீட்டுக் கல்யாணங்களுக்கும் வந்து எடுத்தார். இப்போதுதான் உருப்படியாக இருக்கிறான் என்று அதையும் மெச்சினீர்கள். பெரார்கஞ்சில் அங்கன்வாடி வேலை பார்க்கும் தம்பி மனைவி எனக்கு ஒருநாள் சொன்னாள், வீட்டில் அவர் கேமராவைத் துடைக்கிறார், துடைத்துப் பெட்டியில் வைக்கிறார், திரும்ப எடுத்துத் துடைக்கிறார் என்று.

போன வருடம் மழைக்காலத்தில் அவருக்குச் சாப்பாடு இறங்காமல் போனது. போர்ட் பிளேரில் பார்த்தார்கள். தொண்டையில் கட்டி, நாள் கடந்துவிட்டது என்றார்கள். மெயின்லேண்டு போகலாம் என்று பிஸ்வாஸ் டிக்கெட்டுக்கு ஓடினார். தம்பி வேண்டாம் என்றுவிட்டார். நான் போய் ஒரு மாதம் கூட இருந்து கஞ்சி கொடுத்தேன். குரல் காற்று போலத்தான் வரும். ஒருநாள் மத்தியானம், மனசில் இருந்ததைக் கேட்டேவிட்டேன். நான் உன் அக்கா, தூக்கி வளர்த்தவள், பயத்தில் ஒரு வார்த்தை சொன்னால் நீ கேட்க வேண்டுமா, வெட்டாமல் வைத்திருந்தால் நான் கோர்ட்டுக்கா போகப் போகிறேன் என்றேன்.

"அக்கான்னா மட்டும் வேற சட்டமா?" என்றார். கொஞ்சம் மூச்சு வாங்கிக்கொண்டு, "இப்ப சொல்லு, சேத்துடறேன்" என்றார்.

சொல்லியிருக்கலாம். அந்த அறையில் நாங்கள் இரண்டு பேர்தான். பெரியண்ணன் இல்லை, பட்டியல் இல்லை, வீடும் கட்டி முடித்தாகிவிட்டது. ஆனால் என் பேத்திக்குப் பெரியண்ணன் வழியில் ஒரு சம்பந்தம் பேசிக்கொண்டிருந்தார்கள். தையில் கல்யாணம். நான், "பேத்தி கல்யாணம் முடியட்டும் தம்பி" என்றேன்.

சிரித்தார். "சரிக்கா, முடியட்டும்" என்றார். கஞ்சியை வாயில் வைத்தேன், இறங்கவில்லை, வழிந்தது, துடைத்தேன்.

மார்கழி பிறந்து பத்து நாள்கூட ஆகவில்லை, போய்விட்டார். பேத்தி கல்யாணம் தள்ளிப் போய், அப்புறம் அந்தச் சம்பந்தமே நின்றும் போனது. எதற்காக நான் வாயை மூடினேனோ அது ஒன்றும் நிலைக்கவில்லை, அந்த வீடு தவிர. வீடு நன்றாகத்தான் இருக்கிறது. ஒழுகுவதில்லை.

பதினாறாம் நாள் காரியத்துக்குப் பிஸ்வாஸ் வந்தபோது, அந்தப் பேச்செல்லாம் என்ன ஆனது, எறிந்துவிட்டீர்களா என்று கேட்டேன். "காட்டா ஹை தீதி, பேங்கா நஹி" என்றார். வெட்டினோம், எறியவில்லை. இருபத்து மூன்று பேர் பேசியதும் அவரிடம் பத்திரமாக இருக்கிறது. நோட்டும் இருக்கிறது. சேர்க்கலாமா என்று கேட்டதற்கு, உன்னுடையதை நீ சொன்னால் சேர்ப்பேன், மற்றவர்களுடையதை அவரவர்தான் சொல்ல வேண்டும் என்றுவிட்டார். தம்பி போனாலும் சட்டம் போகவில்லை. நான் நோட்டில் என் பெயருக்குப் பக்கத்தில், கோணல் எழுத்தானாலும் என் கையாலேயே எழுதினேன்: சேர்க்கவும்.

இனி நன்றி சொல்ல வேண்டியவர்கள். தம்பியைக் கடைசி வரை விடாத பிஸ்வாசுக்கு. பெரார்கஞ்சில் பக்கத்து வீட்டில் இருந்துகொண்டு, பாஷை தெரியாமலே என்னோடு சேர்ந்து அழுத தெலுங்குக்கார அம்மாவுக்கு. ஆஸ்பத்திரியில் அவருக்குத் தினம் முகம் மழித்துவிட்ட மலையாளி வார்டு பாய்க்கு. சம்பளமில்லா லீவு போட்டுக் கூடவே இருந்த தம்பி மனைவிக்கு. குட்வில் எஸ்டேட்டில் வீடு போன அந்தப் பெண், எப்படியோ கேள்விப்பட்டு, பாடை எடுக்கிற அன்றைக்கு வந்து ஓரமாக நின்றாள். அவளுக்கு. சொந்தக்காரர்களில் மாலை கொண்டு வந்தவர்கள் நிறையப் பேர். மாலைகள் நன்றாக இருந்தன. பெரியண்ணன் பந்தலுக்கு ஏற்பாடு செய்தார், இன்றைக்கும் செய்திருக்கிறார். அதற்கும் நன்றி.

இன்று விளக்கு வைக்கும் நேரத்துக்கு அதே வாலிபால் திடலில் படம் போடுகிறோம். பதினொரு நிமிடமாக இருந்தது இன்றைக்குப் பதினைந்து நிமிடம். அந்த நாலு நிமிடம் நான் பேசுகிறேன். பெரியண்ணனுக்கு முன்வரிசையிலேயே நாற்காலி போடச் சொல்லியிருக்கிறேன். படம் முடிந்ததும் பிஸ்வாஸ் நோட்டை விரித்துக்கொண்டு உட்காருவார். மிச்சம் இருபத்திரண்டு பெயரும் கோட்டுக்குக் கீழே நன்றாகத் தெரிகிறது. இறந்துபோனவர்களுக்கு அவர்கள் பிள்ளைகள் வந்து சொல்லலாம். பேனா வைத்திருக்கிறோம்.

வேண்டாம் என்பவர்களை ஏன் என்று கேட்கக்கூடாது என்பது தம்பியின் சட்டம். பிஸ்வாஸ் கேட்கமாட்டார். நான் கேட்பேன். கப்பல் நாளைக் காலையில்தான்.